யார் வீட்டுப் பிள்ளை?

"ஆண்பிள்ளை அல்லவா? அப்பன் வீட்டிலேயே வளரட்டும்!"

இத்தீர்ப்பை வழங்கியவர் மனுநூல் ஓதும் மடத்துத் தலைவர் அல்லர். பஞ்சாங்கம் பார்த்துப் பலன் கூறும் புரோகிதரும் அல்லர். கருஞ்சட்டை அணிந்து, பெரியார் படத்தைச் சுவரில் மாட்டி, 'பெண் ஏன் அடிமையானாள்?' நூலை ஊர் ஊராகச் சுமந்து விற்ற நாமேதான் வழங்கினோம்! இடம், தஞ்சைத் தரணியின் சிற்றூர் ஒன்றில் ஓர் ஓட்டு வீட்டுத் திண்ணை. காலம், 2017ஆம் ஆண்டு ஆடி மாதம். வாய்க்காலில் தண்ணீர் இல்லை, குறுவை இல்லை, ஊரார் கையில் வேலை இல்லை. ஆகவே பஞ்சாயத்துக்குக் கூட்டம் குறைவில்லை.

அந்த மணமக்களுக்கு 2011இல் மாலை எடுத்துக் கொடுத்தவரும் நாமே. ஐயர் இல்லை, அம்மி இல்லை, அருந்ததி இல்லை. உறுதிமொழி இருந்தது, ஒலிபெருக்கி இருந்தது, ஒன்றரை மணி நேரம் நாம் ஆற்றிய வாழ்த்துரையும் இருந்தது. இருவரும் நண்பர்கள், எவரும் எவர்க்கும் அடிமையல்லர் என்று முழங்கினோம். கைதட்டல் பலமாகத்தான் இருந்தது. ஆறு ஆண்டுகள் சென்றன, நட்பு முறிந்தது. காரணத்தை இங்கே விரிப்பதற்கில்லை. குடிகாரனல்லன், கொடியவனல்லன் அந்த இளைஞன். அரை வேலி நிலத்தையும் அதன்மேல் ஏறிய கடனையும் கட்டி மாரடித்தவன். அவளோ நம் இயக்கத் தோழர் ஒருவரின் மகள். தனியார் பள்ளி ஒன்றில் ஆசிரியை. சிறு சம்பளம், ஆனால் தன் சம்பளம். ஒத்துவரவில்லை, பிரிந்தனர். பிரிவதற்கும் உரிமை உண்டு என்று பேசியவர்கள்தாமே நாம்!

பிரிந்த இருவருக்கும் இடையே நின்றான் ஒரு சிறுவன். வயது நான்கு. கால்சட்டைப் பையில் கூழாங்கல், கையில் உடைந்த பம்பரம். பெரியவர்கள் பேசும் இடத்தில் குழந்தைக்கு என்ன வேலை? ஐந்து ரூபாய் நாணயம் ஒன்றை அவன் கையில் வைத்து, "போடா தம்பி, கடையில் கடலைமிட்டாய் வாங்கித் தின்னு" என்று அனுப்பினோம். போனான். அவன் போன பிறகு அவனைப் பற்றிப் பேசினோம்!

நிலம் தந்தையிடம் இருக்கிறது, வீடு தந்தையிடம் இருக்கிறது, பாட்டி இருக்கிறாள், பள்ளி பக்கத்தில் இருக்கிறது என்று கணக்குப் போட்டோம். கணக்கு சரியாகவே இருந்தது, நிலத்தைப் பிரிப்பதற்கு! அவள் எதிர்த்துப் பேசவில்லை. "நீங்க சொல்றீங்க, பெரியப்பா. சரி" என்றாள். ஒரு வாக்கியம் அதிகமாகவே சொன்னோம் நாம்: "ஓராண்டு பொறு அம்மா. சினம் தணியும். பிறகு பார்த்துக்கொள்ளலாம்." அந்த ஓராண்டு என்ன செய்தது என்பதைப் பின்னர்க் கூறுவோம்.

தோழர்களே! அறிவியக்கத்தான் வாயில் அந்தச் சொல் எங்கிருந்து வந்தது? சோழநாட்டு மண்ணிலேயே ஊறிக் கிடக்கிறது அது. நாகை மாவட்டத்தில் திருச்செங்காட்டங்குடி என்றோர் ஊர் உண்டு. சிறுத்தொண்டரின் ஊர். அடியார் வேடத்தில் வந்த சிவனார் விருந்து கேட்டார். ஆட்டுக்கறி அன்று, மாட்டுக்கறி அன்று, மனிதக் கறி! ஐந்து வயதுப் பிள்ளை வேண்டும், ஒரே மகனாக இருத்தல் வேண்டும், தாய் பிடிக்கத் தந்தை அறுக்க வேண்டும், இருவரும் மனம் களிக்க வேண்டும் என்பது விருந்தாளியின் நிபந்தனை. அறுத்தார் தந்தை, பிடித்தாள் தாய், சமைத்தாள் தாதி! பிறகு பிள்ளை உயிர்பெற்று ஓடிவந்தான் என்று கதையை முடித்துக்கொண்டனர். ஆண்டுதோறும் சித்திரையில் அமுதுபடையல் விழாவும் எடுக்கின்றனர். இக்கதை நடந்ததா என்பதன்று நம் கேள்வி. நடக்கவில்லை என்பது நமக்குத் தெரியும். கேட்டவர் நெஞ்சில் என்ன பதிந்தது என்பதே கேள்வி. பிள்ளை தகப்பனுடைய பொருள்; கொடுக்கலாம், எடுக்கலாம், அறுக்கவும் செய்யலாம்! சீராளன் என்ற அந்தச் சிறுவனை, "உனக்குச் சம்மதமா?" என்று கேட்டவர் புராணத்தில் எவருமில்லை.

அங்கிருந்து சில கல் தொலைவில் திருவாரூர். கன்றை இழந்த பசு ஆராய்ச்சி மணி அடித்தது; மனுநீதிச் சோழன் தன் மகனைத் தேர்க்காலில் இட்டான். நீதிக்கு இலக்கணம் என்று பள்ளிப் பிள்ளைகளுக்குப் பாடமாகவே சொல்லித் தருகிறோம். தாய்ப்பசுவின் துயருக்குச் செவி சாய்த்த மன்னன், மகனைப் பெற்ற அரசியிடம் ஒரு சொல் கேட்டானா? மணி அடிக்கும் உரிமை பசுவுக்கு இருந்தது, பட்டத்தரசிக்கு இல்லை!

கதைகள் கிடக்கட்டும். இம்மண்ணில் வாழ்ந்த மூவலூர் இராமாமிர்தம் அம்மையாரை அறியாதவர் நம் அணியில் இரார். திருவாரூரில் பிறந்த அவரை, வறுமையின் கொடுமையால், பெற்றவளே சிறு வயதில் ஒரு தாசியிடம் விற்றாள். விலை பத்து ரூபாய், ஒரு பழம்புடைவை! தந்தைக்கு மட்டுமா, தாய்க்கும் பிள்ளை பண்டமாகத்தான் இருந்தது என்பதற்கு வேறு சான்று வேண்டுமோ? விற்கப்பட்ட அந்தக் குழந்தைதான் வளர்ந்து 1936இல் 'தாசிகள் மோசவலை' எழுதினார். 1947இல் தேவதாசி ஒழிப்புச் சட்டம் வரும்வரை ஓயாது உழைத்தார். ஆகவே, தாய்மை என்று சொல்லிவிட்டால் எல்லாம் தீர்ந்தது என்று கருதுவோர்க்கும் இதைச் சொல்லி வைக்கிறோம். யாரிடம் பிள்ளையை ஒப்படைப்பது என்ற கேள்விக்கு முன்னால், பிள்ளை என்ன பொருளா என்ற கேள்வி இருக்கிறது.

சட்டம் என்ன கூறுகிறது? 1956ஆம் ஆண்டின் இந்து இளவர் மற்றும் காப்பாளர் சட்டத்தை எடுத்துப் பாருங்கள். ஆறாவது பிரிவு: பிள்ளைக்கு இயற்கைக் காப்பாளர் தந்தை, அவருக்குப் பிறகு தாய். ஐந்து வயது நிறையாத குழந்தை மட்டும் சாதாரணமாகத் தாயிடம் இருக்கலாம். என்னே பொருத்தம்! திருச்செங்காட்டங்குடியிலும் ஐந்து, தில்லியிலும் ஐந்து! பதின்மூன்றாவது பிரிவு மட்டும் ஆறுதல் தருகிறது: யார் காப்பாளர் என்பதைவிட, பிள்ளையின் நலனே தலையாயது என்கிறது அது.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. நம் இயக்கத்தார் பலர் கவனித்திருக்கமாட்டார்கள். அதே ஆறாவது பிரிவு, முறைப்படி மணக்காதார்க்குப் பிறந்த பிள்ளைக்குத் தாயே முதற் காப்பாளர், அவளுக்குப் பிறகே தந்தை என்கிறது. இனி நம் வரலாற்றை நினைத்துப் பாருங்கள். ஓமம் வளர்க்காமல், ஏழடி வைக்காமல் நடந்த சுயமரியாதைத் திருமணம் இந்துச் சட்டப்படி செல்லாது என்று 1953இல் சென்னை உயர்நீதிமன்றம் தீர்ப்புக் கூறியது. நம் தோழர்களின் மனைவியர் மனைவியர் அல்லர், மக்கள் முறையான மக்கள் அல்லர் என்றாகிவிட்டது! அண்ணாவின் ஆட்சி 1967இல் திருத்தச் சட்டம் கொண்டுவந்து அந்தக் களங்கத்தைத் துடைத்தது. முன் நடந்த மணங்களும் செல்லும் என்றது. பெருமைப்படுகிறோம், என்றும் பெருமைப்படுவோம். ஆனால் இடைப்பட்ட அந்தப் பதினோராண்டில் நடந்ததென்ன? சட்டம் எந்தத் தாயை இழிவாகக் கருதியதோ அவளுக்குக் காப்புரிமையில் முதலிடம் தந்தது. எந்தத் தாய்க்கு மதிப்புத் தந்ததோ அவளை இரண்டாமிடத்துக்குத் தள்ளியது! மானமுள்ள மனைவியாகும்போது மகன்மீது உரிமை குறைகிறதாம். வைதிகத்தின் கணக்கு எப்போதும் இப்படித்தான். ஒரு கையால் குங்குமம் இடும், மறு கையால் சாவியைப் பிடுங்கும்.

1999 பிப்ரவரியில் எழுத்தாளர் கீதா ஹரிஹரன் தொடுத்த வழக்கில் உச்சநீதிமன்றம் சிறிது வழி திறந்தது. மகன் பெயரில் ரிசர்வ் வங்கிக் கடன்பத்திரம் வாங்கத் தாயின் கையெழுத்துப் போதாது என்றனர். அதிலிருந்து கிளம்பிய வழக்கு அது. 'தந்தைக்குப் பிறகு' என்றால் தந்தை இறந்த பிறகு என்று மட்டும் பொருளன்று, அவர் பொறுப்பேற்காத நிலையிலும் தாயே காப்பாளர் என்று விளக்கம் தந்தது நீதிமன்றம். விளக்கம்தான் மாறியது, எழுத்து மாறவில்லை. தந்தையும் தாயும் சமம் என்று எழுத்தையே மாற்றுமாறு சட்ட ஆணையம் 1989இல் பரிந்துரைத்தது, 2015இல் மீண்டும் பரிந்துரைத்தது. பரிந்துரைகள் அலமாரியில் அறிதுயில் கொள்கின்றன. 1929 பிப்ரவரியில் செங்கற்பட்டில் கூடிய சுயமரியாதை மாகாண மாநாடு, பெண்ணுக்குச் சொத்தில் சம உரிமை வேண்டுமென்று தீர்மானம் போட்டது. சொத்தில் சமஉரிமை வந்துவிட்டது. பெற்ற பிள்ளையின் காப்பில் இன்னும் 'அவருக்குப் பிறகு'தான்!

திண்ணைக்குத் திரும்புவோம். நாம் பொறுக்கச் சொன்ன ஓராண்டில் சினம் தணியவில்லை. தணிந்தது வேறு. பையனுக்கு ஐந்து வயது நிறைந்தது! தாயிடம் இருக்கலாம் என்று சட்டம் விட்டுவைத்திருந்த அந்தச் சிறு வாசலும் சாத்திக்கொண்டது. 2018இல் அவள் வக்கீல் குமாஸ்தாவின் மேசை முன் அமர்ந்து பிள்ளையின் பிறந்த தேதியைச் சொன்னபோது, குமாஸ்தா நிமிர்ந்து பார்த்தார், "போன வருஷமே வந்திருக்கலாமேம்மா?" என்றார். அவள் நம்மைத் திரும்பிப் பார்க்கவில்லை. பார்த்திருந்தால் தாங்கியிருப்போம். வெளியே வந்து, மரத்தடியில் நின்று, மெல்லக் கூறினாள்: "மேடையில நீங்க பேசினதை நம்பித்தான் பெரியப்பா வளர்ந்தேன். திண்ணையில வேற பேசுவீங்கன்னு எனக்குத் தெரியாது."

அன்றிலிருந்து வாய்தா தவறாமல் நாமும் நீதிமன்றம் சென்றோம். உதவிக்கு என்று ஊரார் நினைத்தனர். கழுவாய் என்று நமக்குத் தெரியும். (கழுவாய் என்ற சொல்லை நாத்திகன் பயன்படுத்தலாமா என்று கேட்பீர்கள். தமிழ்ச்சொல்தான், குருக்களுக்குக் கொடுத்துவிட வேண்டியதில்லை!)

குடும்ப நீதிமன்றம் என்பது 1984ஆம் ஆண்டுச் சட்டத்தால் பிறந்தது. நோக்கம் நல்ல நோக்கம். வழக்கை வளர்ப்பதைவிட இணக்கம் காண முயல வேண்டும் என்பது அதன் கடமை, வக்கீல் வைப்பது உரிமையன்று, நீதிமன்றம் இசைந்தால்தான், ஆலோசகர் உண்டு. தீர்ப்பில் குறை கண்டால் முப்பது நாளில் உயர்நீதிமன்றம் செல்லலாம். அங்கே இரு நீதிபதிகள் அமர்ந்து கேட்பர். பிள்ளை யாரிடம் என்ற மனு 1890ஆம் ஆண்டின் காப்பாளர் சட்டப்படி இங்கேதான் வருகிறது. வெள்ளைக்காரன் காலத்துச் சட்டமாயினும் அதில் ஒரு நல்ல வரி உண்டு. பிள்ளை அறிவுடன் விருப்பம் கூறும் பருவத்தினனாயின், அந்த விருப்பத்தையும் நீதிமன்றம் கருதலாம் என்பது அது. கருதலாம்! கருத வேண்டும் என்றில்லை.

மேல்முறையீட்டிலும் காவிரிப் பாசனப் பகுதி இரண்டாகப் பிரிந்து கிடக்கிறது. தஞ்சை மாவட்டத்தார் மதுரைக்கு, யானைமலை அடியில் 2004இல் தொடங்கிய உயர்நீதிமன்றக் கிளைக்குச் செல்ல வேண்டும். திருவாரூர், நாகை மாவட்டத்தார் சென்னைக்குச் செல்ல வேண்டும். ஒரே வாய்க்காலின் இருகரையில் இருப்போர், ஒருவர் தெற்கே பயணம், ஒருவர் வடக்கே பயணம்! வேலைக்கு விடுப்பு, பேருந்துக் கட்டணம், வக்கீல் கட்டணம். வேலி நிலம் உள்ளவன் தாங்குவான். தையல் இயந்திரமும் சுண்ணக்கட்டியும் உள்ளவள் எங்ஙனம் தாங்குவாள்?

வழக்கு நடந்தது. இடைக்கால ஏற்பாடாக, ஞாயிறுதோறும் தாய் பிள்ளையைப் பார்க்கலாம் என்று உத்தரவாயிற்று. காலை பத்து முதல் மாலை நான்கு. பையன் ஒரு துணிப்பையோடு வருவான். பையில் மாற்றுச் சட்டை, தண்ணீர்ப் புட்டி, பாட்டி கொடுத்த முறுக்கு. தாய் கொண்டுவந்த இட்டிலியைத் தின்னலாமா, பாட்டியின் முறுக்கைத் தின்னலாமா என்று இரண்டையும் மாறி மாறிப் பார்ப்பான். எதைத் தின்றாலும் யாருக்கோ துரோகம்! ஆறு வயதுக் குழந்தைக்கு அந்த அரசியலைக் கற்றுக் கொடுத்தவர்கள் நாம். நான்கு மணி அடித்ததும் செருப்பைத் தேடுவான். செருப்பு காலிலேயே இருக்கும்.

2020 மார்ச்சில் கொள்ளைநோய் வந்தது. நீதிமன்றங்கள் மூடின, ஞாயிற்றுக்கிழமைகளும் மூடின. கைப்பேசியில் முகம் காட்டச் சொன்னார்கள். அந்த வீட்டில் இருந்த ஒரே கைப்பேசி தகப்பனோடு வயலுக்குப் போய்விடும்.

காத்திருப்பது காவிரிக் கரையாருக்குப் புதிதன்று. ஆற்றுக்காக 1990இல் நடுவர் மன்றம் அமைந்தது. 2007இல் இறுதித் தீர்ப்பு. 2018இல் உச்சநீதிமன்றத் தீர்ப்பு. ஆறு காத்திருந்தது. ஆற்றுக்கு வயது ஏறுவதில்லை. பிள்ளைக்கு ஏறுகிறதே! நாற்றங்காலில் நாற்று நாள் கடந்து நின்றால் உழவன் என்ன சொல்வான்? நட்டாலும் தூர் கட்டாது என்பான். நாற்றுக்குத் தெரிந்த காலக்கணக்கு வழக்குக் கட்டுக்குத் தெரிவதில்லை.

நடைக்கூடத்துப் பலகையில் அமர்ந்திருந்த அந்நாட்களில் பழைய வழக்கொன்றைத் தேடிப் படித்தோம். தமிழ்நாட்டில் நடந்து உலகமெல்லாம் பேசிய பிள்ளை வழக்கு அது. பிராதுக்காரர் நாராயணய்யா, ஓய்வுபெற்ற அரசு அலுவலர். எதிரி, பிரம்மஞான சங்கத் தலைவி அன்னி பெசன்ட் அம்மையார். பொருள், கிருஷ்ணமூர்த்தி, நித்தியானந்தம் என்ற இரு சிறுவர்கள்! பெற்றவள் 1905இலேயே இறந்துவிட்டாள். 1909இல் அடையாற்றுக் கடற்கரையில் லெட்பீட்டர் என்ற வெள்ளையர் மூத்தவனைக் கண்டார். உலகாசான் வந்து குடிபுகப்போகும் உடல் இதுவே என்று 'ஞானக்கண்ணால்' அறிந்தாராம். 1910 மார்ச்சில் தந்தையார் கையெழுத்திட்டுப் பிள்ளைகளை அம்மையாரின் காப்பில் விட்டார். பிள்ளைகள் இங்கிலாந்து சென்றனர். தந்தை மனம் மாறினார். லெட்பீட்டரின் ஒழுக்கம் பற்றிக் கடுமையான குற்றம் சாட்டி, 1912 அக்டோபரில் செங்கற்பட்டு மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தார். அது சென்னை உயர்நீதிமன்றத்துக்கு மாற்றப்பட்டது.

நாராயணய்யாவுக்காக வாதாடியவர் சி. பி. இராமசாமி ஐயர். அம்மையார் தமக்காகத் தாமே வாதாடினார். 1913 ஏப்ரலில் நீதிபதி பேக்வெல், பிள்ளைகளைத் தந்தையிடம் ஒப்படைக்குமாறு தீர்ப்பளித்தார். மேல்முறையீடு! அவ்வாண்டு அக்டோபரில் தலைமை நீதிபதி ஆர்னால்டு வைட்டும் நீதிபதி ஓல்டுபீல்டும் அதைத் தள்ளினர். மீண்டும் மேல்முறையீடு, இம்முறை இலண்டன் பிரிவி கவுன்சிலுக்கு! (இடையில் ஒரு செய்தி: லெட்பீட்டர் விவகாரத்தைத் தம் மருத்துவ ஏட்டில் துணிந்து எழுதிய டாக்டர் டி. எம். நாயர்மீது அம்மையார் அவதூறு வழக்குத் தொடுத்துத் தோற்றார். நீதிக்கட்சியைக் கண்ட அதே நாயர்தான். அவர் பேனாவின் கூர்மை ஞானக்கண்ணையும் விட்டுவைக்கவில்லை.)

1914 மே மாதம் பிரிவி கவுன்சில் தீர்ப்பை மாற்றியது. தந்தையின் காப்புரிமை என்பது ஒரு நம்பிக்கைப் பொறுப்பு. அதை மீட்க இயலாவண்ணம் இன்னொருவருக்குத் தாரைவார்த்துவிட முடியாது என்றது. ஆயின், பிள்ளைகள் செங்கற்பட்டு மாவட்டத்தில் குடியிருக்கவில்லை, இங்கிலாந்தில் இருக்கிறார்கள். அந்த நீதிமன்றத்துக்கு இதில் அதிகாரமில்லை என்றது. இவை சட்ட நுணுக்கங்கள். நம்மைப் பலகையிலிருந்து எழுந்து நிற்கச் செய்தது வேறொன்று. இத்தனை வழக்கிலும் பிள்ளைகள் தரப்பு என்று ஒன்று இல்லை, அவர்களுக்காகப் பேச ஒருவர் நியமிக்கப்படவில்லை, அவர்களின் விருப்பம் அறியப்படவில்லை என்று பிரிவி கவுன்சில் சுட்டிக்காட்டியது. எண்ணிப் பாருங்கள்! தந்தை பேசினார், தலைவி பேசினார், வக்கீல்கள் பேசினர், செய்தித்தாள்கள் பேசின. மூத்தவனுக்கோ 1913 மே மாதத்திலேயே பதினெட்டு வயது! அவன் வாயிலும் கடலைமிட்டாய்தான்!

அவன் பின்னர்ப் பேசினான். 1929 ஆகஸ்டில், ஹாலந்து நாட்டு ஓமனில், தன்னைத் தலைவனாக வைத்துக் கட்டியிருந்த சங்கத்தைத் தானே கலைத்தான். உலகாசான் பட்டத்தை உதறினான். ஜே. கிருஷ்ணமூர்த்தியின் தத்துவத்தோடு நமக்கு எவ்வளவோ வழக்கு உண்டு. ஆனால் இரு தரப்பாரும் பிடித்திழுத்த பிள்ளை, ஒருநாள் இரு கையையும் உதறிவிட்டு நின்றானே, அந்த இடத்தில் நமக்கு வழக்கில்லை.

அன்று மாலை அந்தப் பெண்ணிடம் கேட்டோம்: "அம்மா, தம்பியிடம் இதுவரை யாராவது கேட்டார்களா?" அவள் சிறிது நேரம் பேசாதிருந்தாள். "நான்கூடக் கேட்கல, பெரியப்பா. அப்பா கூடவேன்னு சொல்லிட்டா என்ன பண்றதுன்னு பயம்" என்றாள். தகப்பனும் கேட்டிருக்கமாட்டான், அவனுக்கும் அதே அச்சம் எதிர்த்திசையில். கேட்டால் மட்டும் போதுமா என்ற ஐயமும் நமக்கு உண்டு. ஏழு வயதுப் பிள்ளையைக் கூண்டில் ஏற்றி, அம்மாவா அப்பாவா என்று கேட்பது, சிறுத்தொண்டர் வீட்டு அரிவாளுக்கு அடுத்தபடியான கொடுமை. யாரைப் பிடிக்கும் என்பதன்று கேட்க வேண்டியது. எங்கே தூங்குகிறாய், யார் பாடம் சொல்லித் தருகிறார், எதற்குப் பயப்படுகிறாய், ஞாயிறு மாலை நான்கு மணிக்கு என்ன நினைக்கிறாய் என்பன போன்றவற்றைக் கேட்கத் தெரிந்தவர் கேட்க வேண்டும்.

2021இல் குடும்ப நீதிமன்றம் பிள்ளையைத் தாயிடம் விடச் சொல்லித் தீர்ப்பளித்தது. இனிப்பு வாங்கச் சென்றோம். வாங்கி வருவதற்குள் மேல்முறையீட்டுச் செய்தி வந்துவிட்டது. முப்பது நாள் அவகாசத்தில் பத்து நாள்கூட ஆகவில்லை! தடையுத்தரவு கிடைத்தது; பிள்ளை இருந்த இடத்திலேயே இருந்தான்; தாய் வென்ற தீர்ப்பு காகிதத்தில் இருந்தது. அந்த இளைஞன்மீது நமக்குச் சினம் வந்ததுண்டு. ஒருநாள் தேநீர்க் கடையில் எதிர்ப்பட்டான். "நீங்கதானேய்யா அன்னிக்கு எங்கிட்ட வளரட்டும்னு சொன்னீங்க? அந்த வார்த்தையைத்தான் பிடிச்சிக்கிட்டு நிக்கிறேன்" என்றான். தேநீர் தொண்டையில் நின்றது. நாம் தாய்க்கு மட்டுமா தீங்கிழைத்தோம்? அவனுக்கும் பொய்ப்பட்டா எழுதிக் கொடுத்திருக்கிறோம்!

2023இல் உயர்நீதிமன்றத்தில் இரு நீதிபதிகள் பையனைத் தம் அறைக்கு அழைத்தனர். வக்கீல்கள் வெளியே, தாய் வெளியே, தந்தை வெளியே, நாம் வெளியே. கதவு சாத்தியது. நாற்பது நிமிடம் என்று கடிகாரம் கூறியது. உள்ளே என்ன பேசினர் என்று நமக்குத் தெரியாது, தெரிய வேண்டியதுமில்லை. வெளியே வந்தவன், நீதிபதி தன்னிடம் பள்ளியில் சிலம்பம் உண்டா என்று கேட்டதாக மட்டும் கூறினான். தீர்ப்பு: வசிப்பதும் படிப்பதும் தாயிடம், மாதத்தில் இரு வார இறுதியும், பள்ளி விடுமுறையில் பாதியும், பொங்கலும் தந்தையிடம். 1973இல் சென்னை உயர்நீதிமன்றத்திலிருந்து மேலே சென்ற ஒரு வழக்கில் உச்சநீதிமன்றம், பிள்ளைகள் பெற்றோரின் உடைமையுமல்லர், விளையாட்டுப் பொருளுமல்லர் என்றும், இவ்வகை உத்தரவுகள் என்றென்றைக்குமானவை அல்ல, நிலைமை மாறினால் மாறக்கூடியவை என்றும் கூறியிருக்கிறது. எனவே இதுவும் இறுதியன்று. தகப்பன் டில்லிக்குப் போகவில்லை. கடனும் காரணமாயிருக்கலாம், களைப்பும் காரணமாயிருக்கலாம். பையன் அறையில் என்ன சொன்னான் என்ற எண்ணமும் காரணமாயிருக்கலாம்.

2024 பொங்கலுக்கு அவனைத் தந்தை ஊரில் கொண்டுவிடும் வேலை நமக்கு வந்தது. பேருந்தில் சன்னலோரம் அவன், பக்கத்தில் நாம். இருபுறமும் சம்பா அறுவடை. அறுவடை இயந்திரம் வரப்போரம் நின்றது, வைக்கோல் கிடந்தது, கொக்குகள் இறங்கியிருந்தன. பதினொன்றை நெருங்கிவிட்டான், குரலில் லேசாகக் கரகரப்பு. மதகு ஒன்றைக் கடக்கும்போது, வெளியே பார்த்தபடியே சொன்னான்:

"தாத்தா, அன்னிக்கு மிட்டாய் வாங்கக் காசு குடுத்தீங்கள்ல? நான் கடைக்குப் போகல."

"பிறகு?"

"திண்ணைக்குப் பின்னாடி சன்னலுக்குக் கீழதான் உட்கார்ந்திருந்தேன்."

நான்கு வயதில் கேட்டதை எவ்வளவு நினைவு வைத்திருப்பான் என்று கணக்கிட முயன்றோம். கணக்கு ஓடவில்லை. "எல்லாம் கேட்டதா?" என்றோம்.

"நீங்க பேசினது கேட்டுச்சு. அம்மா மூக்குறிஞ்சினது கேட்டுச்சு. அப்பா கொல்லைப்பக்கம் வந்து அழுதாரு, அது கிட்டக்கவே கேட்டுச்சு. நான் இருக்கறதை அவரு பாக்கல."

"அந்தக் காசு?"

"ரொம்ப நாள் வச்சிருந்தேன். அப்புறம் தொலஞ்சிடுச்சு."

ஊர் வந்துவிட்டது. நடத்துநர் விசிலடித்தார். தகப்பன் மோட்டார் சைக்கிளை நிறுத்தி, பாலக் கட்டைமேல் அமர்ந்திருந்தான். நம்மைக் கண்டதும் எழுந்து நின்று வேட்டியை இறக்கிவிட்டான். பையன் துணிப்பையைத் தோளில் மாட்டிக்கொண்டு இறங்கினான். அன்றைக்கு நாம் கேட்டிருக்க வேண்டியதைக் கேட்க வாயெடுத்தோம். வண்டி நகர்ந்துவிட்டது. "ஞாயித்துக்கிழமை நாலு மணிக்கு வாங்க, தாத்தா" என்று அவன் கத்தியது மட்டும் கேட்டது.